தேங்காய் இல்லாத ஒரு சட்டிக் குழம்பு: மலையக ரொட்டிக்கு ஹங்கேரியிலிருந்து ஒரு துணை

மலையகத் தோட்டங்களில் காலைச் சாப்பாடு என்றால் பெரும்பாலும் ரொட்டி. கோதுமை மாவை உப்புப் போட்டுப் பிசைந்து, தடிப்பாகத் தட்டி, தாச்சியிலோ தகட்டிலோ சுட்டெடுப்பார்கள். தொட்டுக்கொள்ளத் தேங்காய்ச் சம்பல் இருக்கும். அது இல்லாவிட்டால் மிளகாயும் வெங்காயமும் உப்பும் இடித்த கட்டச் சம்பல். கூடவே ஒரு கோப்பை சாயத்தண்ணி. இதே சாப்பாடுதான் துணியில் சுற்றப்பட்டு மலைக்கும் போகிறது, பிள்ளையின் பைக்குள் பள்ளிக்கூடத்துக்கும் போகிறது.

2024ஆம் ஆண்டின் இறுதியிலிருந்து தேங்காய் விலை ஏறியபோது இந்தச் சாப்பாட்டில் இருந்த ஒரே கொழுப்பும் குறைந்துபோனது. முழுத் தேங்காய் போட்ட இடத்தில் பாதி, பாதி போட்ட இடத்தில் ஒரு கைப்பிடி என்று சம்பல் சுருங்கியது. பருப்புக் கறிக்கும் கிழங்குக் கறிக்கும் பால் விட்டே பழகிய நமது சமையலில், தேங்காய் இல்லை என்றால் கறியே இல்லை என்ற நிலை. அதனால் தேங்காயே தெரியாத ஒரு நாட்டுச் சமையலைப் பார்ப்பதில் பயன் இருக்கிறது. கிழங்கையும் வெங்காயத்தையும் மிளகாயையும் வைத்தே கெட்டியான, வயிற்றைத் தாங்கும் ஒரு குழம்பை அங்குள்ள ஏழைகள் எப்படிச் செய்தார்கள் என்பதே கேள்வி.

அந்தக் குழம்பின் பெயர் கூலாஷ். ஹங்கேரிய மொழியில் அதைக் கிட்டத்தட்டக் 'குயாஷ்' என்று சொல்வார்கள். மாடு மேய்ப்பவன் என்பதே அந்தச் சொல்லின் பொருள். சமவெளிகளில் மந்தையோடு வாரக்கணக்கில் அலைந்த மேய்ப்பர்கள், மூன்று கம்புகளுக்கு நடுவே ஓர் இரும்புச் சட்டியைத் தொங்கவிட்டு, கீழே தீ மூட்டி, கையில் கிடைத்த கடினமான இறைச்சித் துண்டுகளை வெங்காயத்தோடு மணிக்கணக்கில் வேகவிட்டுத் தின்ற சாப்பாடு அது. மிளகாய் அதற்குள் பின்னால்தான் வந்து சேர்ந்தது. அமெரிக்கக் கண்டத்திலிருந்து புறப்பட்ட அதே மிளகாய், போர்த்துக்கேயரோடு நமது பக்கமும் துருக்கியரோடு ஹங்கேரிப் பக்கமும் போனது. உருளைக்கிழங்கும் அமெரிக்காவிலிருந்து வந்ததுதான். ஆகவே கூலாஷ் சட்டிக்குள் இருக்கும் முக்கியமான பொருள்கள் எவையும் நுவரெலியாச் சந்தையில் அந்நியமானவை அல்ல. அவற்றைச் சேர்க்கும் முறை மட்டும் வேறு.

அந்த முறைக்குப் போகுமுன், மலையகம் எப்படி ரொட்டி தின்னும் சமூகமானது என்பதைச் சொல்ல வேண்டும். 'அவர்களுக்கு ரொட்டிதான் பிடிக்கும்' என்று சத்துணவு வகுப்பு எடுக்க வருபவர்கள் லேசாகச் சொல்லிவிட்டுப் போவார்கள். அது பிடித்து வந்த பழக்கம் அல்ல.

தமிழ்நாட்டிலிருந்து கோப்பித் தோட்டங்களுக்கும் பிறகு தேயிலைத் தோட்டங்களுக்கும் கொண்டுவரப்பட்டவர்கள் சோறும் கஞ்சியும் கூழும் சாப்பிட்டவர்கள். அரிசியைத் தோட்ட நிர்வாகமே இறக்கி, தொழிலாளிக்கு அளந்து கொடுத்து, அந்த விலையைச் சம்பளத்தில் கழித்துக்கொண்டது. அந்த அரிசியில் பெரும்பகுதி வெளிநாட்டிலிருந்து, முக்கியமாக பர்மாவிலிருந்து வந்தது. 1942இல் பர்மா ஜப்பானியர் கையில் வீழ்ந்தபோது அந்த வழி அடைபட்டது. அரிசிக்குப் பதிலாகக் கோதுமை மா பங்கீட்டுக்குள் நுழைந்தது. யுத்தம் முடிந்தும் மா போகவில்லை. சோறு வடிக்க அரிசி வேண்டும், கறி வேண்டும், நேரம் வேண்டும். ரொட்டி சுட மாவும் உப்பும் தண்ணீரும் போதும். விடியற்காலை எழுந்து பெரட்டுக்கு ஓட வேண்டிய ஒரு பெண்ணுக்கு எது கைகொடுக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

அதன் பிறகு வந்தது 1973-74 பஞ்சம். உலகச் சந்தையில் தானிய விலையும் எண்ணெய் விலையும் ஏறிய நேரம். சிறிமாவோ பண்டாரநாயக்க அரசாங்கம் பங்கீட்டைக் குறைத்தது. மாவட்டம் விட்டு மாவட்டம் அரிசி கொண்டுபோகவும் தடை இருந்தது. சொந்தமாக ஒரு துண்டு வயல்கூட இல்லாத தோட்ட மக்கள்தான் அதில் மிக மோசமாக அடிபட்டார்கள். கிழங்கும் கீரையும் தேடித் தின்றார்கள். பசியால் மக்கள் செத்தார்கள். அதே ஆண்டுகளில் மிளகாய், வெங்காய இறக்குமதிக்கு இருந்த கட்டுப்பாட்டால் யாழ்ப்பாணத்திலும் வன்னியிலும் தோட்டம் செய்த விவசாயிகளின் கையில் காசு புரண்டது என்பதையும் இங்கே சொல்லியாக வேண்டும். பசியில் மலையிறங்கிய குடும்பங்கள் பல அந்த மிளகாய்த் தோட்டங்களிலும் வயல்களிலும் கூலிகளாகவே முதலில் வன்னிக்குப் போய்ச் சேர்ந்தன. 1977, 1983 வன்செயல்களுக்குப் பின் மேலும் பலர் வந்தார்கள். வவுனியாவிலும் முல்லைத்தீவிலும் கிளிநொச்சியின் பாரதிபுரம், மலையாளபுரம், சாந்தபுரம் போன்ற குடியிருப்புகளிலும் இன்று வாழ்பவர்களில் கணிசமானோர் அவர்களும் அவர்கள் பிள்ளைகளுமே. கென்ட், டொலர் பண்ணைகளிலிருந்து 1984இல் விரட்டப்பட்டவர்களும், பிறகு முள்ளிவாய்க்கால் வரை நடந்தவர்களும் அவர்களுக்குள் உண்டு. எனவே இது மலையகத்துக்கு மட்டுமான சமையல் குறிப்பு அல்ல. நிவாரண மாவையும் பருப்பையும் வைத்து ஆண்டுக்கணக்கில் சமைத்த வன்னிக் குசினிகளுக்கும் இது பொருந்தும்.

இனி இன்றைய கணக்கு. 2021 மார்ச்சில் நாட்சம்பளம் 1000 ரூபாயானது. அந்த ஆயிரத்துக்காகப் பல ஆண்டுகள் போராட வேண்டியிருந்தது. கையில் வந்த மறு ஆண்டே நாடு வங்குரோத்தானது. 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச்சுட்டெண்படி உணவுப் பணவீக்கம் 94.9 வீதம். அதாவது ஒரு வருடத்துக்கு முன் 1000 ரூபாய்க்கு வாங்கிய சாப்பாட்டுச் சாமானுக்கு ஏறத்தாழ 1950 ரூபாய். 2024 செப்டெம்பரில் அடிப்படைச் சம்பளம் 1350 ரூபாயாக உயர்த்தப்பட்டபோது, அது இழந்ததை ஈடுகட்டும் உயர்வாகக்கூட இருக்கவில்லை. அந்தச் சம்பளமும் சொன்ன கிலோ கொழுந்தை எடுத்தால்தான். இல்லாவிட்டால் அரைப்பேர்.

இந்தக் கணக்கு உடம்பில் எப்படித் தெரிகிறது என்பதற்குத் தொகைமதிப்பு, புள்ளிவிபரத் திணைக்களத்தின் 2016ஆம் ஆண்டு ஆய்வைப் பார்க்கலாம். ஐந்து வயதுக்குக் குறைந்த பிள்ளைகளில் வயதுக்கேற்ற உயரம் இல்லாதவர்கள் நாடு முழுவதும் 17 வீதம். பெருந்தோட்டத் துறையில் 32 வீதம். மூன்றில் ஒரு பிள்ளை. இது நெருக்கடிக்கு முந்திய எண் என்பதை மறக்கக் கூடாது. உயரம் குறைவது ஓரிரு மாதப் பசியால் வருவது அல்ல. தாயின் வயிற்றில் இருக்கும் காலத்திலிருந்து, வயிறு நிரம்பியும் சத்துச் சேராத சாப்பாடு தொடர்வதால் வருவது.

ரொட்டியின் சிக்கல் இதுதான். 100 கிராம் கோதுமை மாவில் ஏறத்தாழ 10 கிராம் புரதம் இருக்கிறது. குறைவு என்று சொல்ல முடியாது. ஆனால் அந்தப் புரதத்தில் லைசின் என்ற ஒரு கூறு போதாது. அது போதாததால் மீதியையும் உடம்பு முழுதாகப் பயன்படுத்த முடிவதில்லை. அந்தக் கூறு பருப்பிலும் சோயாவிலும் கருவாட்டிலும் தாராளமாக இருக்கிறது. சம்பலில் இல்லை. ரொட்டியை விட வேண்டியதில்லை. அதற்குப் பக்கத்தில் வைக்கும் பொருளை மாற்றினால் போதும். பருப்பும் சோயாவும் கிழங்கும் மரக்கறியும் ஒரே சட்டியில் வெந்த குழம்பு அந்த இடத்துக்கு வர வேண்டும் என்பதே இந்தக் கட்டுரை சொல்ல வருவது.

ஐந்து பேருக்கான அளவைச் சொல்கிறேன். விலையை எழுதவில்லை, ஏனென்றால் இன்று எழுதியது அடுத்த கிழமை பொய்யாகிவிடும். மைசூர்ப் பருப்பு 150 கிராம். சோயா மீட் 90 கிராம் பக்கெட் ஒன்று. உருளைக்கிழங்கு 600 கிராம். கரட் இரண்டு. கோவா கால்வாசி. பெரிய வெங்காயம் மூன்று. தக்காளி மூன்று. உள்ளி, மலையகத்தில் சொல்வதானால் வெள்ளைப்பூண்டு, ஆறு பல்லு. செத்தல் மிளகாய் எட்டு. சீரகம் ஒரு தேக்கரண்டி. மஞ்சள் கொஞ்சம். எண்ணெய் மூன்று மேசைக்கரண்டி. உப்பு, தேசிக்காய்ப் பாதி, கையில் கிடைக்கும் கீரை ஒரு பிடி.

புரதத்தைக் கூட்டிப் பார்த்தால், பருப்பில் 36 கிராம், சோயாவில் 40 கிராமளவு, கிழங்கில் 12 கிராம். ஆளுக்குச் சுமார் 17 கிராம் வரும். 45 கிலோ எடையுள்ள ஒரு பெண்ணுக்கு ஒரு நாளைக்கு வேண்டியது ஏறத்தாழ 36 கிராம். ஒரு கோப்பைக் குழம்பும் இரண்டு ரொட்டியும் அதில் பெரும்பகுதியை ஒரே வேளையில் கொடுத்துவிடும். தினமும் மலை ஏறி இறங்குபவளுக்கு, கர்ப்பிணிக்கு, பால் கொடுக்கும் தாய்க்கு இதைவிடக் கூடுதலாக வேண்டும். அவர்களுக்குச் சட்டியின் அடியிலிருந்து அள்ளிப் போட வேண்டும். பருப்பும் சோயாவும் அங்கேதான் தங்கும். நமது வீடுகளில் அடிச்சட்டி யாருக்குப் போகிறது, மேலே நிற்கும் தண்ணீர் யாருக்குப் போகிறது என்பதை நான் விளக்கத் தேவையில்லை.

கூலாஷின் இரகசியம் வெங்காயத்தில் இருக்கிறது. ஹங்கேரிக்காரர்கள் இறைச்சியின் எடையில் பாதிக்குக் குறையாமல் வெங்காயம் போடுவார்கள். அதை மெல்லிய தீயில், மூடி வைத்து, பொன்னிறம் வரும்வரை நெடுநேரம் வதக்குவார்கள். அது கரைந்து குழம்பைக் கெட்டியாக்கும், இனிப்புச் சேர்க்கும். நாம் வெங்காயத்தைத் தாளிக்க மட்டுமே போடுகிறோம். கெட்டிக்குத் தேங்காய்ப் பாலை நம்புகிறோம். தேங்காய் இல்லாத சட்டியில் அந்த வேலையை வெங்காயமும் கரைந்த பருப்பும் மசிந்த கிழங்கும் சேர்ந்து செய்யும். வெங்காய விலை ஏறும் கிழமையில் ஒரு வெங்காயத்தோடு லீக்ஸைச் சேர்க்கலாம். நுவரெலியா, ராகலை, கந்தப்பளைப் பக்கம் இருப்பவர்களுக்கு அது எளிது. லீக்ஸின் பச்சை இலைப் பகுதியை வெட்டி எறிகிறார்கள். பொடியாக அரிந்து வதக்கினால் வெங்காயத்தின் வேலையில் பாதியை அது செய்துவிடும். இலை மடிப்புக்குள் மண் நிற்கும், விரித்துக் கழுவ வேண்டும்.

அடுத்தது மிளகாய். ஹங்கேரியின் பப்ரிக்கா நமது மிளகாய்த்தூள் போன்ற சிவப்புத்தான், ஆனால் காரம் குறைவு. காரமில்லாத மிளகாய் இனத்தை விதையும் நரம்பும் நீக்கி அரைக்கிறார்கள். அதனால் கரண்டி கரண்டியாகப் போட முடிகிறது. நிறமும் மணமும் இனிப்பும் அதிலிருந்துதான் வருகின்றன. கடையில் பப்ரிக்கா தேடி அலைய வேண்டாம். செத்தல் மிளகாயைக் கீறி விதையை உதறிவிட்டு, வெந்நீரில் கால் மணித்தியாலம் ஊறவைத்து, உள்ளியோடும் சீரகத்தோடும் அம்மியில் அரைத்தால் அந்த நிறத்துக்கு மிக அருகில் வரும். இரண்டு கறிமிளகாயை அரிந்து வெங்காயத்தோடு சேர்த்தால் மணமும் வந்துவிடும். யாழ்ப்பாணத்து வறுத்த தூள் வீட்டில் இருப்பவர்கள் அதைப் போடக் கை நீட்டக் கூடாது. கொத்தமல்லியும் மிளகும் சோம்பும் கலந்த அந்தத் தூள் விழுந்த உடனே இது வழக்கமான கறியாகிவிடும். அதுவும் நல்ல கறிதான், ஆனால் சின்னப் பிள்ளை இரண்டு கோப்பை குடிக்காது. கூலாஷின் நன்மையே பிள்ளைக்கும் கிழவிக்கும் வேறு சட்டி வைக்கத் தேவையில்லை என்பது.

சமைக்கும் முறை. சோயா மீட்டை உப்புப் போட்ட வெந்நீரில் பத்து நிமிடம் ஊறவைத்து, நன்றாகப் பிழிந்து எடுக்க வேண்டும். பிழியாமல் போட்டால் அதன் பச்சை வாடை குழம்பு முழுவதும் இறங்கும். பலர் சோயாவை வெறுக்கக் காரணம் அதுதான். சட்டியில் எண்ணெயை விட்டு முதலில் பிழிந்த சோயாவை ஓரம் சிவக்கப் பிரட்டி எடுத்து வைத்துக்கொள்ள வேண்டும். அதே எண்ணெயில் வெங்காயம், ஒரு சிட்டிகை உப்பு, மெல்லிய தீ, மூடி. இடையில் இரண்டு முறை கிளறினால் போதும். வெங்காயம் குழைந்து நிறம் மாற இருபது நிமிடம் எடுக்கும். அவசரப்பட்டால் கருகும். கருகினால் கசக்கும்.

பிறகு சட்டியை அடுப்பிலிருந்து இறக்கிவிட்டு அரைத்த மிளகாயைப் போட வேண்டும். இது ஹங்கேரியப் பழக்கம். சிவந்த மிளகாயில் இயற்கையான சீனி உண்டு. கொதிக்கும் எண்ணெயில் அது நொடியில் தீய்ந்துவிடும். தூளாகப் போடுபவர்கள் இதில் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். இறக்கி வைத்த சட்டியில் கிளறி, அரிந்த தக்காளியைக் கொட்டி, மீண்டும் அடுப்பில் ஏற்றினால் நிறம் எண்ணெயில் இறங்கி மேலே மிதக்கும். கழுவிய பருப்பு, மஞ்சள், ஆறு கோப்பைத் தண்ணீர். கொதி வந்ததும் கிழங்கையும் கரட்டையும் பெரிய துண்டுகளாகப் போட வேண்டும். சின்னதாக அரிந்தால் கரைந்து காணாமல் போகும். கிழங்கு பாதி வெந்ததும் சோயாவும் கோவாவும். உப்பைக் கடைசியில் பார்த்துச் சேர்க்க வேண்டும். நாலைந்து கிழங்குத் துண்டுகளை அகப்பையால் சட்டியின் ஓரத்தில் வைத்து நசுக்கிக் கலந்தால் குழம்பு இறுகும். இறக்கும்போது கீரை, இறக்கிய பின் தேசிக்காய்.

உயரமான இடங்களில் இருப்பவர்களுக்கு ஒரு விளக்கம். யாழ்ப்பாணத்தில் அரை மணித்தியாலத்தில் கரையும் பருப்பு நுவரெலியாவில் முரண்டு பிடிக்கும். பருப்பில் குறை இல்லை. ஏறத்தாழ 300 மீற்றர் உயரத்துக்கு ஒரு பாகை என்ற கணக்கில் தண்ணீர் கொதிக்கும் வெப்பநிலை குறைந்துகொண்டே போகும். கடற்கரையில் 100 பாகையில் கொதிப்பது, ஹற்றனில் 96 பாகையளவிலும், 1868 மீற்றர் உயரத்திலுள்ள நுவரெலியாவில் 94 பாகையளவிலும் கொதிக்கும். அதற்கு மேல் விறகைத் தள்ளினாலும் திறந்த சட்டிக்குள் சூடு ஏறாது, தண்ணீர் மட்டுமே வற்றும். எனவே அங்கே இரண்டு வழிதான். பிறசர் குக்கர் இருந்தால் பருப்பையும் கிழங்கையும் அதில் வைப்பது. இல்லாவிட்டால் கனமான மூடியோடு கூடுதல் நேரம் கொடுப்பது. கடலை, கௌப்பி, பயறு போன்றவற்றை பருப்புக்குப் பதிலாகப் போடுபவர்கள் முதல் நாள் இரவே ஊறவைக்க வேண்டும். மைசூர்ப் பருப்புக்கு அது தேவையில்லை.

கூடுதல் நேரம் என்றால் கூடுதல் விறகு. கவ்வாத்து வெட்டிய காலத்தில் தேயிலை மிலாறு கிடைக்கும், மற்ற நாட்களில் விறகு தேடிப் போவதும் பெண்ணின் வேலைதான். மழைக்காலத்து ஈர விறகு லயக் காம்பராவை நிறைக்கும் புகையைப் பற்றித் தனியாகவே எழுத வேண்டும். விறகை மிச்சப்படுத்த ஒரு பழைய வழி உண்டு. இரண்டாம் உலக யுத்த காலத்தில் எரிபொருள் தட்டுப்பாட்டால் ஐரோப்பிய வீடுகளில் பரவலாகப் பின்பற்றியது. குழம்பு நன்றாகக் கொதித்துப் பதினைந்து நிமிடம் ஆனதும், மூடியைத் திறக்காமல் சட்டியை இறக்கி, வைக்கோல் நிரப்பிய பெட்டிக்குள் புதைத்துவிடுவார்கள். உள்ளே இருக்கும் சூட்டிலேயே மீதி வேகும். நம்மிடம் வைக்கோலுக்குப் பதில் கம்பளி இருக்கிறது. பழைய கொழுந்துக் கூடைக்குள் சாக்கு, அதன்மேல் கம்பளி, நடுவே சட்டி, மேலேயும் கம்பளி. சட்டி நிறைய இருந்தால்தான் சூடு நிற்கும், அரைச் சட்டிக்கு இது சரிவராது. ஒரு மணித்தியாலம் கழித்து எடுத்து, சாப்பிடுமுன் மீண்டும் ஒருமுறை கொதிக்கவிட வேண்டும். இரவு முழுவதும் கூடைக்குள் விடக் கூடாது. இளஞ்சூட்டில் கிருமி பெருகும்.

கூழ் குடித்து வளர்ந்தவர்களுக்கு இந்தச் சட்டி புதிதாகத் தோன்றாது. ஒடியல் மாவில் மீன், நண்டு, பயற்றங்காய், பலாக்கொட்டை, மரவள்ளி எல்லாம் போட்டு, புளியும் மிளகாயும் கரைத்துச் சுற்றியிருந்து குடிக்கும் யாழ்ப்பாணக் கூழும் இதே யோசனைதான். கிடைத்ததை ஒரே சட்டியில் போடுவது, மாவாலோ கிழங்காலோ இறுக்குவது, எல்லோருக்கும் பங்கிடுவது. முள்ளிவாய்க்கால் கஞ்சியில் அரிசியும் தண்ணீரும் உப்பும் மட்டுமே இருந்தன, ஏனென்றால் அங்கே கிடைத்தது அவ்வளவுதான். அதை ஒவ்வொரு மே மாதமும் அப்படியே காய்ச்சுவதில் அர்த்தம் இருக்கிறது. ஆனால் அதன் பின் முகாம்களிலும் மீள்குடியேறிய கொட்டில்களிலும் அரிசி, மா, பருப்பு, சீனி, எண்ணெய் என்று அளந்து கொடுத்த நிவாரணத்தை வைத்துச் சமைத்த தாய்மார், முற்றத்தில் முளைத்த கீரையையும் முருங்கையையும் பருப்புக்குள் போட்டுத்தான் பிள்ளைகளைத் தேற்றினார்கள். அவர்களுக்கு இந்தக் கட்டுரையில் புதிதாக இருப்பது வெங்காயத்தை நேரம் எடுத்து வதக்குவதும் மிளகாயை அடுப்பிலிருந்து இறக்கிப் போடுவதும் மட்டுமே.

வன்னியில் செய்பவர்கள் உருளைக்கிழங்குக்குப் பதில் மரவள்ளியோ வத்தாளையோ போடலாம். மரவள்ளியை உரித்து, நடு நாரை எடுத்து, தனியாகத் திறந்த சட்டியில் அவித்துத் தண்ணீரை ஊற்றிவிட்டுத்தான் குழம்பில் சேர்க்க வேண்டும். அதிலுள்ள நச்சு அப்படித்தான் போகும். கோவாவுக்குப் பதில் பூசணியும் முருங்கை இலையும் போதும். நெத்தலிக் கருவாடு மலிவாகக் கிடைக்கும் இடங்களில் 50 கிராமைத் தலை நீக்கி, வெந்நீரில் கழுவி, சோயாவோடு சேர்த்துப் பொரித்துப் போட்டால் ஆளுக்கு இன்னும் ஐந்தாறு கிராம் புரதம் கூடும். முள்ளோடு தின்பதால் கல்சியமும் கிடைக்கும். உப்பைக் குறைத்துக்கொள்ள வேண்டும்.

இறைச்சி போட விரும்பினால் அது சம்பள நாளுக்கு. கூலாஷுக்கு நல்ல இறைச்சி தேவையில்லை என்பது அதன் சிறப்பு. கால் தசை, கழுத்து, எலும்போடு ஒட்டியது, நார் நிறைந்தது எல்லாம் இதற்கு உகந்தவை. அந்த நாரில் உள்ள கொலாஜின் இரண்டு மூன்று மணித்தியாலம் மெதுவாக வெந்தால் உருகிப் பசையாகி, குழம்புக்குத் தடிப்பைக் கொடுக்கும். நல்ல துண்டை இவ்வளவு நேரம் வேகவிட்டால் சக்கையாகிவிடும். மாட்டிறைச்சி புழங்காத வீடுகளில் ஆட்டெலும்பும் கோழிக் கழுத்தும் காலும் அந்த வேலையைச் செய்யும். 300 கிராம் எலும்பிறைச்சியைப் போட்டாலும் பருப்பைக் குறைக்க வேண்டாம். எலும்பு ருசியைக் கொடுக்கும், புரதத்துக்குப் பருப்பைத்தான் நம்ப வேண்டும்.

ஒரு விடயத்தில் மலையக வாசகர்கள் என்னோடு கோபிக்கக் கூடும். சாப்பாட்டோடு சாயத்தண்ணி குடிப்பதை விட வேண்டும். பருப்பிலும் கீரையிலும் இருக்கும் இரும்புச் சத்தைத் தேயிலையிலுள்ள தனின் பிடித்துவைத்துக்கொள்ளும். உடம்பு எடுத்துக்கொள்ளும் அளவு பாதிக்கு மேல் குறைந்துவிடும். தேயிலை பறிக்கும் பெண்களிடையே இரத்தச்சோகை நெடுங்காலப் பிரச்சினை. அவர்கள் ஒவ்வொரு வேளையும் ரொட்டியை நனைத்துத் தின்பது தேநீரில்தான். குளிருக்குச் சூடாக ஏதாவது வேண்டும் என்பது நியாயம். அந்தச் சூட்டைக் குழம்பு கொடுக்கும். சாயத்தண்ணியை ஒரு மணித்தியாலம் தள்ளிக் குடிக்கலாம். தேசிக்காயைக் கடைசியில் பிழியச் சொன்னதும் இதற்காகத்தான். தேசிக்காயிலும் தக்காளியிலும் உள்ள வைற்றமின் சி இரும்பை உடம்பில் சேர்க்க உதவும். கொதிக்கும்போது விட்டால் அதில் பெரும்பகுதி வீணாகும்.

இவ்வளவையும் விடியற்காலை நாலரை மணிக்குச் செய்ய யாராலும் முடியாது. மாலையில் மலையிலிருந்து வந்து, அடுப்பு எப்படியும் எரியப்போகிறது என்ற நேரத்தில் செய்வதுதான் சரி. வெங்காயம் வதங்கும் இருபது நிமிடத்துக்கு அடுப்படியில் நிற்க அவளே வேண்டும் என்றில்லை. வீட்டில் இருக்கும் ஆணோ வளர்ந்த பிள்ளையோ கிளறலாம். இரவு ரொட்டியோடோ சோற்றோடோ சாப்பிட்டது போக, காலைக்கு என்று இரண்டு கோப்பையை முன்கூட்டியே எடுத்து, கீரையும் தேசிக்காயும் சேராமல், சின்னச் சட்டியில் மூடித் தண்ணீர்த் தாம்பாளத்தில் வைக்க வேண்டும். தேங்காய்ப் பால் விட்ட கறி காலையில் புளித்துவிடும். இது நுவரெலியாக் குளிரில் ஓர் இரவு தாங்கும். ஹற்றனுக்குக் கீழே, வெயில் காலத்தில், படுக்கப் போகுமுன் ஒருமுறை கொதிக்கவைத்து மூட வேண்டும்.

காலையில் அது இறுகி இருக்கும். அரைக் கோப்பைத் தண்ணீர் விட்டுக் கொதிக்கவைத்தால் ரொட்டிக்குத் தொட்டுக்கொள்ளலாம். தண்ணீர் விடாமல் கிளறி வற்றவைத்து, ரொட்டிக்கு நடுவே வைத்து மடித்தால் சிந்தாது, கொழுந்துக் கூடைக்குள்ளும் பள்ளிக்கூடப் பைக்குள்ளும் போகும்.